உங்களுக்குத் தெரியுமா? சோடாவை உடைத்த சபாபதி

கொடைக்கானல் ரோடு ரயில் நிலையத்தில் மூட்டை முடிச்சோடு இறங்கி, "ஏரி எந்தப் பக்கம்?" என்று கேட்பவர்கள் இன்றைக்கும் இருக்கிறார்கள். பலகையில் ஊர்ப்பெயர் போட்டிருக்கிறது, இறங்கியும் ஆயிற்று, ஆனால் மலையைத்தான் காணோம். கொடைக்கானலுக்கு அங்கிருந்து வத்தலக்குண்டு வழியாக இன்னும் எண்பது கிலோமீட்டர் போக வேண்டும். அந்த நிலையத்துக்கு முன்பு அம்மையநாயக்கனூர் என்றுதான் பெயர். அப்போது யாரும் ஏமாந்திருக்க வழியில்லை.

சொன்ன சொல்லை அப்படியே நம்பி இறங்கிவிடும் இந்தக் கூட்டத்துக்குத் தமிழ் சினிமாவில் ஒரு தலைவன் உண்டு. 1941-இல் வந்த 'சபாபதி' படத்தின் வேலைக்காரன் சபாபதி. போன முறை மலை ஏறும்போது பேருந்தில் கைபேசியில் அந்தப் படத்தைத்தான் பார்த்துக்கொண்டு போனேன். டம்டம் பாறை தாண்டியதும் சிக்னல் போய்விட்டது. மீதியை மனசுக்குள்ளேயே ஓட்டிக்கொண்டேன். பக்கத்து இருக்கைக்காரர், தனியாகச் சிரிக்கும் ஆளிடமிருந்து கொஞ்சம் நகர்ந்து உட்கார்ந்தார்.

★

படத்தில் சபாபதி ஒருவர் அல்ல, இருவர். எஜமானர் சபாபதி முதலியார், வேலைக்காரன் சபாபதி. எஜமானர் பணக்கார வீட்டுப் பிள்ளை, வெகுளி, பள்ளிப் பரீட்சையில் தேறாதவர். வேலைக்காரன் அவருக்குச் சளைத்தவன் அல்ல. எஜமானரின் மனைவிக்கு என்ன பெயர் தெரியுமா? சிவகாமி. தில்லையில் சபாபதிக்குத் துணை சிவகாமிதானே! பெயர் வைத்தவருக்குள் ஒரு குறும்புக்காரர் உட்கார்ந்திருந்திருக்கிறார். படித்த பெண்ணான சிவகாமிதான் கணவனை உட்காரவைத்துப் பாடம் சொல்லிக்கொடுத்துப் பரீட்சையில் தேறவைக்கிறாள். 1941-இல் மனைவி ஆசிரியர், கணவன் மாணவன்! அதைச் சிரித்துக்கொண்டே சொல்லிவிட்டுப் போகிறது படம்.

★

இப்போது அந்தச் சோடாவுக்கு வருவோம்.

சோடா உடைத்துக் கொண்டு வரச் சொல்கிறார் எஜமானர். வேலைக்காரன் சோடா பாட்டிலை உடைத்துக் கொண்டு வருகிறான். நகைச்சுவை இவ்வளவுதான். ஆனால் இதை வேறு எந்த மொழிக்காரரிடமாவது சொல்லிப் பாருங்கள், முகத்தைப் பார்த்துக்கொண்டு நிற்பார்.

தமிழில் சோடாவை ஏன் 'உடைக்கிறோம்'? கோலி சோடாதான் காரணம். 1872-இல் இங்கிலாந்தில் ஹிராம் காட் என்பவர் காப்புரிமை பெற்ற பாட்டில் அது. கழுத்தில் ஒரு கண்ணாடிக் கோலி, வாயின் உள்பக்கம் ஒரு ரப்பர் வளையம். உள்ளே அடைத்த வாயு கோலியை மேலே தள்ளி ரப்பரோடு இறுக்கிவிடும். கார்க்கும் வேண்டாம், மூடியும் வேண்டாம். கடைக்காரர் கட்டைவிரலையோ மரக்குமிழையோ வைத்து ஓங்கி ஓர் அழுத்து அழுத்தினால், வாயு சீறும், கோலி 'டொப்' என்று கீழே இறங்கும், நுரை பொங்கும். அந்தச் சத்தத்தைக் கேட்டவர்கள் அதை 'உடைப்பது' என்று சொன்னதில் தப்பே இல்லை. கண்ணாடி உடைவதில்லை, காற்றின் கட்டுத்தான் உடைகிறது.

கழுத்தில் இரண்டு பள்ளங்கள் இருப்பதைக் கவனித்திருக்கிறீர்களா? குடிக்கும்போது கோலி உருண்டு வந்து வாயை அடைத்துவிடாமல் அதில் தங்கிக்கொள்ளும். பாட்டிலைச் சரியான பக்கம் சாய்த்துப் பிடிக்கத் தெரிய வேண்டும். தெரியாதவர் அண்ணாந்துகொண்டே இருக்க வேண்டியதுதான். பழனி அடிவாரத்தில் சின்ன வயதில் பன்னீர் சோடா குடித்தபோது எனக்கு அது தெரியாது. கூட வந்த மாமா பாட்டிலைத் திருப்பிப் பிடித்துக் காட்டும்வரை கோலியோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தேன்.

ஆக, வேலைக்காரன் சபாபதி முட்டாள் அல்ல. அகராதியில் இருக்கிற பொருளைத்தான் அவன் செய்தான். வழக்கில் இருக்கிற பொருளை அவனுக்கு யாரும் சொல்லவில்லை.

★

இந்த இரண்டு சபாபதிகளையும் படைத்தவர் ஒரு நீதிபதி!

பம்மல் சம்பந்த முதலியார் (1873–1964) வழக்கறிஞராக இருந்து, பிறகு சென்னை ஸ்மால் காஸ் கோர்ட்டில் நீதிபதியாக உட்கார்ந்தவர். பகலில் சட்டப் புத்தகம், மாலையில் ஒத்திகை. 1891-இல் பெல்லாரியிலிருந்து வந்த கிருஷ்ணமாச்சாரியின் தெலுங்கு நாடகக் குழுவைப் பார்த்துவிட்டு, தமிழில் நம்மால் ஏன் முடியாது என்று நண்பர்களோடு அதே வருடம் சுகுண விலாச சபையைத் தொடங்கினார். வயது 18. நாடகக்காரன் என்றாலே ஊரில் திண்ணைகூடக் கிடைக்காத காலம். அந்தக் காலத்தில் வக்கீல்களும் உத்தியோகஸ்தர்களும் சம்பளம் வாங்காமல் முகத்தில் அரிதாரம் பூசினார்கள். காங்கிரஸ் தலைவர் சத்தியமூர்த்திகூட இந்தச் சபையின் மேடை ஏறியவர்தான்.

விடிய விடிய நடந்துகொண்டிருந்த நாடகத்தைச் சில மணி நேரத்துக்குள் சுருக்கியவர் பம்மல். பாட்டுக்குப் பதில் உரைநடையில் பேசவைத்ததும் அவர்தான். நகைச்சுவைக்கு இது பெரிய உபகாரம். பாட்டில் பதில் சொல்ல ஆரம்பித்தால் ஆர்மோனியக்காரர் சுருதி சேர்த்து முடிப்பதற்குள் சிரிப்பு ஆறிப்போகும். வெடுக்கென்று பேச்சில் சொன்னால்தான் சபாபதி சபாபதி.

சபையில் பெண் வேடமெல்லாம் ஆண்களுக்குத்தான். பம்மலின் உயிர்த்தோழர் ரங்கவடிவேலு, அவரும் வக்கீல், பம்மல் கதாநாயகனாக நடித்தால் கதாநாயகி இவர்தான். 1923-இல் ரங்கவடிவேலு காலமானார். பம்மலின் 'நாடக மேடை நினைவுகள்' புத்தகத்தில் அவர் பெயர் திரும்பத் திரும்ப வந்துகொண்டே இருக்கும்.

★

மேடைக்காரர் என்பதால் சினிமாவைப் பார்த்து முகம் சுளித்தவர் அல்ல பம்மல். 1936-இல் தன் 'மனோகரா' நாடகம் படமானபோது, 63 வயதில் அரசர் புருஷோத்தமனாகத் தானே கேமராவின் முன் நின்றார்.

★

1941-இல் பம்மலின் நகைச்சுவை நாடகங்கள் ஒன்றல்ல, இரண்டு படமாயின. இன்னொன்று 'சந்திரஹரி'. என்.எஸ். கிருஷ்ணனும் டி.ஏ. மதுரமும் நடித்தது. பெயரைத் திருப்பிப் போட்டுப் பாருங்கள்: ஹரிச்சந்திரன்! அவன் உயிரே போனாலும் பொய் சொல்லமாட்டான். இவன் மறந்தும் மெய் சொல்லமாட்டான். மயான காண்டம் பார்த்துப் பார்த்து அழுத தமிழ்நாட்டுக்கு, அதே கதையைத் தலைகீழாக்கிச் சிரிக்கக் கொடுத்தார்.

★

வேலைக்காரனாக நடித்த காளி என். ரத்தினத்தின் பெயரில் 'காளி' எங்கிருந்து வந்தது?

கோவலன் நாடகத்தில் அவர் போட்ட காளி வேடத்திலிருந்து! பார்ப்பவர்களை நடுங்கவைத்த காளி என்று பெயர் வாங்கியவர் மதுரை ஒரிஜினல் பாய்ஸ் கம்பெனி என்ற நாடகக் குழுவில் வாத்தியாராகவும் இருந்தார். அவரிடம் பாடம் கேட்ட பையன்களில் ஒருவர் பி.யு. சின்னப்பா. இன்னொருவர் எம்.ஜி.ஆர். 'வாத்தியார்' என்றாலே பிற்காலத்தில் எம்.ஜி.ஆர்தான் என்று ஆகிவிட்டது. அந்த வாத்தியாருக்கும் ஒரு வாத்தியார் உண்டு, அவர் சோடா பாட்டிலை உடைத்தவர்.

1936-இல் 'சந்திரகாந்தா' படத்தில் பண்டார சந்நிதியாக வந்து போலித் துறவிகளை வாங்கு வாங்கென்று வாங்கியவரும் இவரே.

★

பழனிக்காரர்கள் இதைப் படித்துவிட்டு, எங்கள் ஊருக்கும் மேடை நகைச்சுவைக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்கலாம். சம்பந்தம் மலை உச்சியிலேயே நிற்கிறது.

பழனியில் முருகன் ஆண்டி. மேடையில் அதே முருகன் மாப்பிள்ளை! மதுரை, திண்டுக்கல் வட்டாரத்துத் திருவிழாக்களில் இன்றும் 'ஸ்பெஷல் நாடகம்' போட்டால் முதலில் கேட்கப்படுவது வள்ளி திருமணம். சங்கரதாஸ் சுவாமிகள் எழுதிக் கொடுத்த வடிவம்தான் அதற்கு அடித்தளம். இரவு பத்து மணிக்குமேல் ஆர்மோனியம் சுருதி பிடிக்கும். முதலில் பபூன் வருவார், ஊர்க்கதை பேசுவார், பிறகு நடனக்காரியோடு எதிர்ப்பாட்டு. வள்ளி வருவதற்குள் நடுச்சாமம் ஆகிவிடும்.

அதற்குப் பிறகு கடவுளே கோமாளியாகிறார். வேடனாக வருகிறார், பலிக்கவில்லை. கிழவனாக வருகிறார். தினைமாவு கேட்கிறார், தேன் கேட்கிறார், வாங்கி வாயில் போட்டதும் விக்கல். தண்ணீர் கேட்கிறார். தண்ணீர் குடித்து முடித்ததும் பெண்ணையே கேட்கிறார். நல்ல நடிகர் என்றால் அந்த விக்கலை மட்டும் கால்மணி நேரம் ஓட்டுவார். முன்வரிசையில் தூங்கிக்கொண்டிருந்த குழந்தைகள்கூட எழுந்து உட்காரும். தினையும் தேனும் மலைச் சரக்கு. பஞ்சாமிர்தத்துக்குத் தேன் கலக்கும் ஊருக்கு இந்தக் காட்சியை விளக்க வேண்டியதில்லை.

இந்த வள்ளி கதை மேடையோடு நிற்கவில்லை. பழனி வழியாகப் போகும் திண்டுக்கல்–பொள்ளாச்சி ரயில் பாதை 1928-இல் வந்தது. பழனிக்கு ரயில் வந்த மூன்றாவது வருடமே, 1931-இல், தமிழ்ப் படம் பேசத் தொடங்கிவிட்டது. 1933-இல் டி.பி. ராஜலட்சுமி நடித்த 'வள்ளி திருமணம்' படமாக வந்தது. 1945-இல் ஏ.வி.எம். எடுத்த 'ஸ்ரீ வள்ளி'யில் டி.ஆர். மகாலிங்கம் முருகன்.

என் கணக்கில், காளி ரத்தினமும் அவருக்கு ஜோடியாக வரும் சி.டி. ராஜகாந்தமும் 'சபாபதி'யில் போடும் கூத்து, அந்த பபூனும் நடனக்காரியும் போடும் எதிர்ப்பாட்டின் நேர் வாரிசு. பம்மலின் வக்கீல் சபையிலிருந்து கதை வந்தது. அதற்கு உடம்பு கொடுத்தது பாய்ஸ் கம்பெனி. ஆங்கிலம் படித்த மேடையும் அரிக்கேன் விளக்கு மேடையும் ஒரே படத்தில் கை குலுக்கிக்கொண்டன. 'சபாபதி' இன்னும் செல்லரிக்காமல் இருப்பதற்கு அதுதான் காரணம் என்பேன்.

★

தமிழ் நகைச்சுவைக்குள் ஒரு பிரெஞ்சுக்காரர் இரண்டு வழியாகப் புகுந்திருக்கிறார். பெயர் மோலியேர். ஒரு வழி பம்மலே திறந்தது: 1671-இல் மோலியேர் எழுதிய தந்திரக்கார வேலைக்காரன் நாடகம்தான் 'காளப்பன் கள்ளத்தனம்'. இன்னொரு வழி கொஞ்சம் சுற்று. மோலியேரின் சந்தேகக் கணவன் கதை ஆங்கிலத்துக்குப் போய், அங்கிருந்து தேவல் கையால் மராத்தியில் 'சம்சய கல்லோள்' ஆகி, 1942-இல் 'என் மனைவி' என்ற தமிழ்ப் படமாக வந்தது. அதையும் எடுத்தவர், 'சபாபதி'யை எடுத்த ஏ.வி.எம். மெய்யப்பச் செட்டியார்தான். 'சபாபதி'யில் தமிழ் வாத்தியாராக வந்து வகுப்பில் திண்டாடும் கே. சாரங்கபாணிதான் அதில் கதாநாயகன்.

★

ஏவி. மெய்யப்பச் செட்டியார் படத்துக்கு வருமுன் விற்றது இசைத்தட்டு. சரஸ்வதி ஸ்டோர்ஸ் என்று கடை. தட்டின் ஒரு பக்கம் மூன்று நிமிடம் சொச்சம்தான் ஓடும். அதற்குள் கேட்பவரைப் பிடித்து உட்காரவைக்க வேண்டும். காதால் வியாபாரம் பழகியவர் பேசும் படத்துக்கு வந்தார் என்பதை மறந்துவிடக் கூடாது. 1938-இல் 'நந்தகுமார்' படத்தில் ஒரு நடிகையின் குரல் பிடிக்காமல், லலிதா வெங்கட்ராமனைப் பாடவைத்து ஒலியை மாற்றியவர் அவர். தமிழில் பின்னணிப் பாட்டின் ஆரம்பங்களில் அதுவும் ஒன்று. எஜமானர் சபாபதியாக நடித்த டி.ஆர். ராமச்சந்திரனுக்கும் 'நந்தகுமார்'தான் முதல் படம்.

★

மேடையிலிருந்து பேசும் படத்துக்குப் போனவர்களை மைக் படுத்திய பாடு கடல் தாண்டியும் உண்டு. அமெரிக்க நகைச்சுவை நடிகர்களான மார்க்ஸ் சகோதரர்களின் 'தி கோக்கனட்ஸ்' 1929-இல் வந்த படம், நியூயார்க் மேடையில் ஓடிய நாடகம். பகலில் அதற்குப் படப்பிடிப்பு, இரவில் மேடையில் வேறொரு நாடகம் என்று ஓடிக்கொண்டிருந்தார்கள் சகோதரர்கள். படத்தில் வரைபடக் காகிதத்தை விரித்துப் பேசும் காட்சி ஒன்று உண்டு. காகிதம் சரசரத்தால் மைக்கில் இடி இடித்தது போல் கேட்டது. கடைசியில் காகிதத்தைத் தண்ணீரில் நனைத்துக் கொடுத்துப் படம் எடுத்தார்கள்!

★

'சபாபதி' வெளியான தேதியைக் கவனியுங்கள்: 1941 டிசம்பர் 14. பெர்ல் துறைமுகத்தில் ஜப்பான் குண்டு போட்டு ஒரு வாரம்தான் ஆகியிருந்தது. டிசம்பர் 23-இல் ரங்கூனிலும் குண்டு விழுந்தது. தமிழ்க் குடும்பங்கள் பர்மாவிலிருந்து நடந்தே கிளம்பிய காலம். சிரிப்பதற்கு ஏற்ற நாளே அல்ல. ஆனாலும் கொட்டகையில் சிரித்தார்கள்.

இன்னும் சற்றுத் தாமதித்திருந்தால் படத்தின் நீளத்துக்கே கத்தி விழுந்திருக்கும். கச்சாபிலிம் தட்டுப்பாட்டால் 1943-இல் அரசாங்கம் படங்களுக்கு 11,000 அடி என்று வரம்பு கட்டிவிட்டது.

★

சிவகாமியாக நடித்த கதாநாயகி ஆர். பத்மாவுக்கு அந்தக் காலத்துப் பட்டப்பெயர் 'லக்ஸ் சோப் பத்மா'. காரணம், விளம்பரம்தான்.

★

டி.ஆர். ராமச்சந்திரனுக்குச் சொத்து அவருடைய கண்கள். வட்டமாக விரித்து உருட்டினால் பாதி வசனம் மிச்சம். கரூர்ப் பக்கத்து ஆள். 1949-இல் 'வாழ்க்கை' படத்தில் வைஜெயந்திமாலா அறிமுகமானபோது ஜோடி இவர்தான். 1960-இல் 'அடுத்த வீட்டுப் பெண்'. 'அன்பே வா'வில் சரோஜாதேவிக்கு அப்பாவாக வந்தவரும் இவரே. ஆள் தெரிந்துவிட்டதா?

★

மெய்யப்பச் செட்டியாரோடு சேர்ந்து 'சபாபதி'யை இயக்கியவர் ஏ.டி. கிருஷ்ணசாமி. இவர் மேடையை விடவே இல்லை. 1963-இல் ஷேக்ஸ்பியரின் அடங்காப்பிடாரிக் கதையைச் சிவாஜி, பானுமதியை வைத்து 'அறிவாளி' ஆக்கினார். தங்கவேலுவிடம் எம். சரோஜா பூரி சுடக் கற்றுக்கொள்ளும் காட்சி அந்தப் படத்தில்தான். அவர் என்ன சொன்னாலும் 'அதுதான் எனக்குத் தெரியுமே' என்பார் அம்மாள். எல்லாம் தெரியும் என்பவளும் ஒன்றும் தெரியாத சபாபதியும் ஒரே இயக்குநரின் பிள்ளைகள். பிறகு 1967-இல் சோவின் மேடை நாடகம் 'மனம் ஒரு குரங்கு', அதைப் படமாக்கியதும் கிருஷ்ணசாமி. பம்மலில் தொடங்கிச் சோவரைக்கும் வந்தார் மனிதர். அவர் பெயரை இன்று யாரும் சொல்வதில்லை, அது நியாயமில்லை.

★

'சபாபதி'யில் குண்டுமுத்துவாக வந்த சி.டி. ராஜகாந்தத்தின் மருமகன் யார் தெரியுமா? பாடகர் திருச்சி லோகநாதன். பேரன்கள் டி.எல். மகராஜனும் தீபன் சக்கரவர்த்தியும். 'நிழல்கள்' படத்தில் பூங்கதவைத் தாழ் திறக்கச் சொல்லிப் பாடிய குரல் தீபன் சக்கரவர்த்தியுடையது. குண்டுமுத்துவின் பேரன் என்று நினைத்துக்கொண்டு ஒருமுறை கேட்டுப் பாருங்கள்.

★

படம் முழுசாகவே இணையத்தில் இருக்கிறது. வகுப்பறைக் காட்சியையும் சோடாவையும் மட்டும் பார்த்துவிட்டு மூடிவிடாதீர்கள், சிவகாமி பாடம் நடத்துவதையும் பாருங்கள். மலை ஏறுவதற்கு முன்பே பதிவிறக்கிக்கொள்வது நல்லது. கொடைக்கானல் ரோட்டில் இறங்குபவர்கள் ஏரியைத் தேடாமல் முதலில் வத்தலக்குண்டு பேருந்தைத் தேடுங்கள்.